தங்கச்சியைச் சிநேகிதி என்று எழுதிக்கொடுத்தேன்

இதை எழுத எனக்குப் பதினொரு வருசம் எடுத்தது. எழுதத் தெரியாமல் இல்லை. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றாலும் கடிதம் எழுதுவேன். இங்கே தமிழ்ப் பூசையில் இப்போதும் முதல் வாசகம் வாசிக்க என்னைத்தான் கூப்பிடுவார்கள். நாலு தரம் இதை எழுதத் தொடங்கினேன். நாலு தரமும் முதல் பக்கம் ஒழுங்காக வரும். இரண்டாம் பக்கத்தில் என்னை அறியாமலே நான் நல்லவளாகிவிடுவேன். கிழித்துக் குப்பையில் போட்டேன். பொய்யாக எழுதிய ஒரு தாளால் வந்த வினையை இன்னொரு பொய்த் தாளால் கழுவ மனம் வரவில்லை.

இந்த முறை செபம் சொல்லிவிட்டு உட்கார்ந்திருக்கிறேன். கோபத்தோடுதான் உட்கார்ந்திருக்கிறேன். கோபத்தோடு செபம் சொல்லக்கூடாது என்று எங்கள் சுவாமியார் சொல்வார். ஆண்டவருக்கு என் குரல் பழக்கம், பொறுத்துக்கொள்வார்.

பாரிசுக்கு நானும் கணவரும் முதலில் வந்தோம். மூன்று வருசம் கழித்து என் தங்கை வந்தாள். நாங்கள் வந்த காலத்தில், தமிழ்க் கடைகள் நிறைந்த லா சப்பலில் ஒரு தேநீர்க் கடையின் பின்மேசையில் ஒருவர் கேஸ் எழுதிக்கொடுத்துக்கொண்டிருந்தார். அகதி விண்ணப்பத்தைத்தான் நாங்கள் கேஸ் என்போம். ஊரில் படிப்பித்தவர் என்பதால் எல்லோருக்கும் அவர் மாஸ்ரர்.

"தங்கச்சி, சகோதரங்களைப் போடாதேங்கோ," என்றார் அவர் என்னிடம். "நீங்கள் ஒரு மாதிரிச் சொல்லி, பிறகு வாற சகோதரம் வேற மாதிரிச் சொன்னால் ரெண்டு கேசும் அடிபடும். நீங்கள் ஒற்றைப் பிள்ளை. விளங்கிச்சோ?"

"எனக்கு அண்ணை ஒராளும் தங்கச்சி ஒராளும் இருக்கினம், மாஸ்ரர்."

"அது ஊரிலை. இஞ்சை நீங்கள் ஒற்றை."

தங்கை வந்தபோது அவளும் அதே மேசையில் ஒற்றைப் பிள்ளையானாள். லண்டனுக்குப் போன அண்ணரும் அங்கே யாரோ எழுதிக்கொடுத்து அப்படித்தான் ஆனார். ரெலிபோனில் அவர்தான் பகிடி விடுவார்: "எங்கட அம்மா பாவம். பெத்தது மூண்டு, மூண்டும் ஒற்றைப் பிள்ளை." நாங்களும் விழுந்து விழுந்து சிரித்தோம். எனக்குத் தெரிந்த எத்தனையோ வீடுகளில் இந்தச் சிரிப்பு இருந்தது. கடுதாசிதானே என்று நினைத்தோம். இரத்தம் கடுதாசி பார்த்தா ஓடுகிறது என்று நினைத்தோம்.

தங்கை பாரிசின் புறநகரான ஓல்னேயில் குடியிருந்தாள், நாங்கள் இன்னொரு புறநகரான சார்செலில். எனக்கு லா சப்பலில் ஒரு மரக்கறிக் கடையில் வேலை. சனிக்கிழமைகளில் அவள் இரண்டு பெண் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு கடைக்கு வருவாள். பெரியவள் முருங்கைக்காய்க் கட்டுகளை ஒழுங்காக அடுக்குவாள், சின்னவள் கறிவேப்பிலையைப் பிய்த்துப் போட்டு முதலாளியிடம் ஏச்சு வாங்குவாள். சின்னவளுக்கு நான் ஞானத்தாயும்கூட. கோவிலில் ஞானஸ்நானத்தின்போது அவளைத் தூக்கி வைத்திருந்தது இந்தக் கை.

தங்கையின் கணவர் வேலை செய்த உணவகத்தின் சமையலறையிலேயே நெஞ்சு வலி வந்து விழுந்து இறந்துபோனார். ஒன்றரை வருசத்தில் அவளுக்குப் புற்றுநோய். பெரியவளுக்கு அப்போது எட்டு வயது, சின்னவளுக்கு நாலு.

கடைசிக் கிழமை ஆஸ்பத்திரியில் அவள் என் கையைப் பிடித்தாள்.

"அக்கா, பிள்ளையள் ரெண்டையும் நீ எடுப்பாய்தானே?"

"இதென்ன கேள்வியடி? என்ர பிள்ளையள்தானே."

"தமிழையும் செபத்தையும் மறக்க விடாதை."

"விடன்."

அரை மணித்தியாலம் கழித்து ஆஸ்பத்திரியின் சமூக சேவைப் பெண் என்னை ஒரு சிறிய அறைக்குக் கூப்பிட்டாள். முகத்தில் இரக்கம் இருந்தது, கையில் ஒரு படிவம் இருந்தது. நோயாளிக்கு நீங்கள் என்ன உறவு என்று கேட்டாள். பிரெஞ்சு விளங்கவில்லை என்று இப்போது சொல்லித் தப்பிக்க எனக்கு வழியில்லை. வடிவாக விளங்கியது. விளங்கிய அந்த நொடியில் மாஸ்ரரின் மேசையும், காட் என்று நாங்கள் சொல்லும் பத்து வருச வதிவிட அட்டையும், கணவரின் வேலையும், என் இரண்டு பையன்களின் பள்ளிக்கூடமும் ஒன்றாகக் கண் முன்னே வந்து நின்றன.

"சிநேகிதி," என்றேன். "சின்னவளுக்கு ஞானத்தாய்."

"பிரான்சில் பிள்ளைகளுக்கு வேறு உறவினர் உண்டா?"

"இல்லை."

அவள் எழுதினாள். நான் கையெழுத்து வைத்தேன். இயேசுவைத் தெரியாது என்று இராயப்பர் மூன்று தரம் மறுதலித்தார், சேவல் கூவியதும் அழுதார். நான் ஒரு தரம்தான் மறுதலித்தேன். ஆனால் எழுத்தில் கொடுத்தேன். அழவும் இல்லை. கெட்டித்தனமாகச் சமாளித்துவிட்டேன் என்று நினைத்துக்கொண்டு தங்கையின் கட்டிலுக்குத் திரும்பிப் போய் அவளுக்குத் தண்ணீர் பருக்கினேன்.

ஏன் அப்படி நினைத்தேன் என்பதைச் சொல்லவேண்டும். எங்கள் ஆட்களுக்கு ஞானத்தாய் என்றால் தாய். பெற்றவள் போனால் பிள்ளை எங்கே போகும் என்று யாரும் கேட்கமாட்டார்கள், ஞானத்தாய் வீட்டுக்குப் போகும். இதற்கு மேலே என்ன உறவு வேண்டும் என்று நம்பினேன். அந்த ஒரு சொல் பிள்ளைகளை என் வீட்டுக்குக் கொண்டுவரும், மற்றப் பொய்யும் பொய்யாகவே கிடக்கும் என்று கணக்குப் போட்டேன். ஆனால் பிரெஞ்சு அலுவலகத்தில் அந்தச் சொல்லுக்கு, பிறந்தநாளில் கேக்கும் பரிசும் கொண்டுவருகிற ஆள் என்றுதான் பொருள்.

தங்கையின் அடக்கம் முடிந்து ஆறாம் நாள் காலை, சிறுவர் அலுவலகத்திலிருந்து இரண்டு பெண்கள் சார்செலுக்கு வந்தார்கள். பிள்ளைகள் என் வீட்டில்தான் நின்றார்கள். பெரியவள் பாண் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள்.

"ஞானத்தாய் என்பது சட்டத்தில் உறவு இல்லை, மதாம்," என்றாள் ஒருத்தி. குரலில் ஒரு கடுமையும் இல்லை. அதுதான் எனக்கு இன்னும் பொறுக்கவில்லை. கத்தியிருந்தால் நானும் கத்தியிருப்பேன்.

பெரியவள் எழும்பி என் சட்டையைப் பிடித்தாள். "பெரியம்மா, சொல்லுங்கோ! நீங்கள் அம்மாவின்ர சொந்த அக்கா எண்டு சொல்லுங்கோவன்!" நான் வாய் திறக்கவில்லை என்றதும் திரும்பி அவர்களுக்குப் பிரெஞ்சில் அதையே சொன்னாள். தெளிவாகச் சொன்னாள். இரண்டு பெண்களும் என்னைப் பார்த்தார்கள். என் கணவரும் என்னைப் பார்த்தார். நான் நிலத்தைப் பார்த்தேன்.

இரண்டு பிள்ளைகளும் போய்விட்டார்கள். முதலில் ஒரு விடுதி, பிறகு பாரிசுக்குத் தெற்கே தொலைவில், காடும் மாடும் உள்ள ஒரு மலைக் கிராமத்தில் ஒரு குடும்பம். ரயிலில் மூன்று மணித்தியாலம், பிறகு பஸ். ஏன் அவ்வளவு தூரம் என்று கேட்டேன். தாய் தகப்பன் இல்லாத பாரிஸ் பிள்ளைகளை அந்தப் பக்கத்துக் குடும்பங்களிடம் விடுவது பழைய வழக்கம், நூறு வருசத்துக்கு மேலாக நடக்கிறது என்று பெருமையாகச் சொன்னார்கள். நல்ல காற்று, நல்ல பால் என்றார்கள். எட்டு வயதுப் பிள்ளைக்குத் தன் தாயின் கல்லறைக்குப் போகிற தூரத்தைப் பற்றி ஒருவரும் கதைக்கவில்லை.

லா சப்பலில் எங்கள் சனம் கதைத்த கதை இன்னும் மோசம். கடைக்கு வருகிற ஒரு அன்ரி வெண்டைக்காயை ஒவ்வொன்றாக முறித்துப் பார்த்துக்கொண்டே சொன்னா: "வெள்ளைக்காரியிட்டை வளருதுகளாம். நல்லதுதானே பிள்ளை, பாசை நல்லா வரும். உமக்கும் சுமை இல்லை."

"சுமை எண்டு நான் சொன்னனானோ?"

"கோவிக்காதையும். சும்மா ஒரு கதைக்குச் சொன்னன். இந்த வெண்டிக்காய் எல்லாம் முத்தல்."

அவவுக்கு நான் யார் என்று தெரியும். தங்கையின் கலியாணத்தில் சாப்பிட்டவ. லா சப்பலில் எல்லோருக்கும் தெரியும். தெரிந்த அத்தனை பேரும் எனக்குச் சொன்ன புத்தி ஒன்றுதான்: வாயைத் திறவாதை. மாஸ்ரரிடம் போனேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"தங்கச்சி, இப்ப போய் அக்கா எண்டு சொன்னால் அவன் என்ன கேப்பான்? அப்ப ஏன் பொய் சொன்னாய் எண்டு கேப்பான். காட்டைப் பறிப்பான். உங்கட பெடியளையும் சேர்த்து ஊருக்குப் பிளேனிலை ஏத்துவான்."

"அப்ப பிள்ளையள்?"

"அதுகளுக்கு அங்கை சாப்பாடு இருக்குத்தானே."

அந்த மனிதரில் எனக்கு வந்த கோபம் இன்றைக்கும் தணியவில்லை. ஆனால் அவர் என் கையைப் பிடித்துக் கையெழுத்து வைப்பிக்கவில்லை. அதையும் எழுதவேண்டும்.

ஊர்க் கோவிலில் எங்கள் ஞானஸ்நானப் பதிவு இருந்தது. அங்கே உள்ள சுவாமியாருக்கு எழுதி என்னுடையதையும் தங்கையுடையதையும் எடுப்பித்தேன். ஒரே தாய், ஒரே தகப்பன், கோவில் முத்திரையோடு வந்தது. வந்ததை அலுமாரியில் துணிகளுக்கு அடியில் வைத்தேன். ஒவ்வொரு நாளும் செபமாலை சொன்னேன், மாதா, வழி காட்டு என்று. வழி அலுமாரிக்குள் இருந்தது. மாதக்கணக்காக அதை எடுக்காமல் மாதாவைக் கரைச்சல்படுத்தினேன்.

பிள்ளைகள் போய்ப் பத்தாம் மாதத்தில்தான் பிள்ளைகளைப் பார்க்க எனக்கு ஒரு நாள் தந்தார்கள், குடும்பச் சிநேகிதி என்ற பெயரில். மீன் பொரித்து, இடியப்பம் அவித்து, சம்பலும் கட்டிக்கொண்டு போனேன். அந்த வீட்டுப் பெண்ணுக்கு அறுபது வயது இருக்கும். குறை சொல்ல ஒன்றும் இல்லாத மனுசி. பிள்ளைகள் சுத்தமாக, கன்னம் சிவந்து, முழங்கால் வரை இறப்பர்ச் சப்பாத்துப் போட்டுக்கொண்டு நின்றார்கள். சின்னவளின் தலைமயிரைக் காதோடு வெட்டியிருந்தார்கள். தங்கை ஞாயிற்றுக்கிழமை தோறும் எண்ணெய் வைத்துப் பின்னிய மயிர்.

"வாடி என்ர செல்லம்," என்றேன்.

சின்னவள் அந்தப் பெண்ணின் காலுக்குப் பின்னால் போய் நின்றாள். தமிழ் விளங்கவில்லை. பத்து மாதத்தில் நாலு வயதுப் பிள்ளையிலிருந்து ஒரு மொழி இறங்கிப் போய்விடும் என்று எனக்கு யாரும் சொல்லவில்லை. பெரியவளுக்கு எல்லாம் விளங்கியது. வேண்டுமென்றே பிரெஞ்சில் மறுமொழி சொன்னாள். என்னைப் பெரியம்மா என்று கூப்பிடவில்லை. மதாம் என்றாள்.

அந்த வீட்டில் அந்தப் பெண்ணின் தகப்பனும் இருந்தார். மிகவும் வயதானவர், அடுப்புக்குப் பக்கத்தில் கதிரையில் இருந்து நான் கொண்டுபோன மீனை முள் எடுத்து ரசித்துச் சாப்பிட்டார். சம்பலைத் தொட்டு இருமி, மூக்கைத் துடைத்து, "இதை எங்கள் மாட்டுக்குக் கொடுத்தால் பாரிஸ் வரைக்கும் ஓடும்," என்றார். பெரியவள் அப்போது மட்டும் சிரித்தாள். பிள்ளைகள் வெளியே போனபிறகு அவர் மெதுவாக, எனக்கு விளங்கும்படி பிரெஞ்சு பேசினார்.

"நானும் பாரிஸ் பிள்ளைதான். மூன்று வயதில் ரயிலில் கொண்டுவந்தார்கள், கோட்டில் பெயர் அட்டை குத்தி. அநாதை என்று சொன்னார்கள். பென்சன் எடுத்தபிறகு சிறுவர் அலுவலகத்தில் இருந்த என் கோப்பைக் கேட்டு வாங்கிப் படித்தேன். அதில் ஒரு வரி இருந்தது. பக்கத்து வீட்டுப் பெண் ஒருத்தி ஒரு தரம் வந்து பிள்ளையைப் பற்றி விசாரித்தாள், அவ்வளவுதான்."

நான் சம்பல் கிண்ணத்தை எடுத்து மூடினேன்.

"பக்கத்து வீட்டுக்காரி எதற்கு வருவாள்? என் அம்மாவா அவள்? அம்மாவின் அக்காவா? அல்லது உண்மையிலேயே பக்கத்து வீடா? இத்தனை வருசமாக எனக்கு அந்த ஒரு வரிதான் குடும்பம்." மீன் முள்ளைத் தட்டின் ஓரத்தில் வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். "மதாம், நீங்கள் இவர்களுக்குப் பக்கத்து வீடா?"

பஸ்சிலும் ரயிலிலும் நான் அழுதது எனக்காக. தங்கைக்காக அழ அப்போதும் இடம் வரவில்லை. சார்செலுக்கு வந்து அலுமாரியைத் திறந்து பத்திரங்களை எடுத்தேன். கணவர் கண்டுவிட்டார்.

"உமக்கு விசரே? நாலு பேற்ற வாழ்க்கை."

"ஆறு பேற்ற வாழ்க்கையப்பா. ரெண்டு பேரை நீங்கள் எண்ணேல்லை."

அவர் இரண்டு நாள் என்னோடு கதைக்கவில்லை. மூன்றாம் நாள் வேலைக்கு லீவு போட்டுவிட்டு என்னோடு நீதிமன்றத்துக்கு வந்தார். அவரைப் பற்றி நான் இனி ஒரு குறையும் எழுதமாட்டேன்.

நீதிபதி ஒரு பெண். இரண்டு பத்திரத்தையும் மொழிபெயர்ப்போடு பார்த்தா. பார்த்துவிட்டு, முன்னர் ஏன் இல்லை என்று சொன்னீர்கள் என்று கேட்டா. பயத்தில் என்றேன். எதற்குப் பயம் என்றா. முழுவதையும் சொன்னேன், மாஸ்ரரின் மேசையிலிருந்து. ஒருத்தி எல்லாவற்றையும் ரைப் அடித்தாள். பிறகு இரத்தப் பரிசோதனை, விசாரணை, வீட்டைப் பார்க்க வந்தவர்கள் என்று இன்னும் ஒரு வருசத்துக்கு மேலே போனது. கடைசியில் அக்கா என்று ஏற்றுக்கொண்டார்கள். ஏற்றுக்கொண்டுவிட்டு, பிள்ளைகள் அங்கே வேர் விட்டுவிட்டார்கள், இரண்டாம் தரம் பிடுங்கக்கூடாது, விடுமுறைகளில் பாதியை உங்களோடு கழிக்கட்டும் என்று தீர்த்தார்கள்.

முதல் தரம் பிடுங்கியது யார்? அதைத் தீர்ப்பில் எழுதவில்லை. படிவத்தை நிரப்பி வாங்கிக்கொண்டு போன அலுவலகம், ஒரு தரம் திரும்பி வந்து வீட்டுக் கதவைத் தட்டி, மதாம், பிள்ளை வேறு மாதிரிச் சொல்கிறாளே என்று கேட்டிருந்தால் நான் உடைந்து போய்ச் சொல்லியிருப்பேன். கேட்கவில்லை. கேட்காததற்கு அவர்களுக்கு ஒரு தண்டனையும் இல்லை.

இன்னுமொன்று. எங்கள் காட்டைப் பறிக்கவில்லை. பையன்களை ஏற்றவில்லை. ஒரு கடிதம்கூட வரவில்லை. அடுத்த முறை காட் புதுப்பிக்கப் போனபோது, புகைப்படத்தில் சிரிக்கக்கூடாது மதாம், வேறு படம் கொண்டுவாருங்கள் என்றாள் அங்கிருந்த பிள்ளை, அவ்வளவுதான். எல்லோருக்கும் அப்படி முடியும் என்று நான் சொல்லவரவில்லை. எனக்கு அப்படி முடிந்தது. எந்தப் பயத்துக்காகத் தங்கையின் பிள்ளைகளைக் கொடுத்தேனோ அந்தப் பயம் என் வீட்டுக்கு வரவேயில்லை. அன்றைக்கு வெளியே வந்து படியில் இருந்து ஆண்டவரோடு சண்டை பிடித்தேன்.

விடுமுறைக்குப் பிள்ளைகள் வந்தார்கள். சின்னவள் விருந்தாளியாக வந்து விருந்தாளியாகப் போனாள். இப்போதும் நல்ல பிள்ளை, என்னைக் கட்டிப்பிடிப்பாள், ஆனால் அம்மா என்று அவள் நினைக்கிறது அந்தக் கிராமத்துப் பெண்ணை. அதற்கு அந்த மனுசியை நான் நோகமாட்டேன். வளர்த்தவ அவ. பெரியவள் என் வீட்டில் சாப்பிட்டாள், படுத்தாள், பூசைக்கு வந்தாள். ஆனால் அந்தக் காலையைப் பற்றி ஒரு நாளும் கதைக்கவில்லை. நானும் கதைக்கவில்லை. நீதிபதிக்குச் சொன்னதை அவளுக்குச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

பதினெட்டு வயதானதும் அவள் தன் கோப்பைக் கேட்டு எடுத்தாள். போன வருசம் ஒரு சனிக்கிழமை லா சப்பலுக்கு வந்தாள். கடைக்கு முன்னால் சனம். நான் கத்தரிக்காய்ப் பெட்டி இறக்கிக்கொண்டிருந்தேன். அந்தப் பெட்டியின் மேலேயே ஒரு தாளை வைத்தாள்.

"வாசியுங்கோ."

நான் கையெழுத்து வைத்த படிவம்தான் என்று நினைத்தேன். அதில்லை. பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போன அன்றைக்கு அந்த இரண்டு அலுவலகப் பெண்களும் எழுதிய அறிக்கை. மூத்த பிள்ளை குடும்பச் சிநேகிதியைத் தாயின் சகோதரி என்று வற்புறுத்திச் சொல்கிறாள்; இவர்களின் சமூகத்தில் பெரியவர்களை உறவுமுறை வைத்து அழைப்பது வழக்கம்; அந்தப் பெண் இதை உறுதிப்படுத்தவில்லை; துயரத்தில் பிள்ளை கற்பனை செய்கிறாள், கவனிக்கவேண்டும். அதற்குப் பிறகு ஒவ்வொரு பக்கத்திலும் அது தொடர்ந்தது. பிள்ளை இன்னும் பெரியம்மா என்று சொல்கிறாள். பிள்ளை கோபப்படுகிறாள். பிள்ளை பொய் சொல்லும் பழக்கம் உள்ளவள். மருத்துவரிடம் கொண்டுபோயிருக்கிறார்கள், உண்மை சொன்ன நோய்க்கு.

"எட்டு வயசிலை எனக்கே சந்தேகம் வந்திட்டுது," என்றாள். பத்து வருசத்துக்குப் பிறகு அவள் என்னோடு முழுதாகத் தமிழில் கதைத்தது அன்றைக்குத்தான். "நான்தான் உங்களைப் பெரியம்மாவா மனசிலை உண்டாக்கினனானோ எண்டு. கோர்ட்டிலை நீங்கள் சொன்னாப் பிறகும் ஒருத்தரும் எனக்குச் சொல்லேல்லை, நீ சொன்னது சரி எண்டு. நீங்களும் சொல்லேல்லை."

"பிழை என்ரதான், குஞ்சு."

"எனக்கு மட்டும் சொன்னாக் காணாது. இஞ்சை எல்லாரும் என்ன சொல்லுகினம் தெரியுமே? நாங்களாய்த்தான் வெள்ளைக்காரரோடை இருக்க விரும்பிப் போனதெண்டு. இந்தக் கடையிலையும் கேட்டன், கோயிலிலையும் கேட்டன். எழுதுங்கோ பெரியம்மா. இந்தக் கோப்பிலை ஒண்டையும் அழிக்க ஏலாதாம். ஆனால் ஒரு தாள் சேர்க்கலாமாம்."

முதலாளி உள்ளே இருந்து கத்தரிக்காய் எங்கே என்று கூப்பிட்டார். அவள் பெட்டியின் மறு பக்கத்தைப் பிடித்துத் தூக்கித் தந்தாள்.

அந்தத் தாள் இதுதான். பிரெஞ்சில் எழுதி ஒன்று அவளுடைய கோப்புக்குப் போகிறது. தமிழில் எழுதியது எங்கள் சனத்துக்கு. லா சப்பலில் ஒரு கதை முதல் கடையில் புறப்பட்டு மெத்ரோவுக்குப் போய்ச் சேருவதற்குள் தலையும் காலும் மாறிவிடும் என்று எனக்குத் தெரியும். நானே எத்தனை கதையை அப்படிக் கைமாற்றியிருக்கிறேன்.

ஆகவே இதை வாசிக்கிறவர்களைக் கும்பிட்டுக் கேட்கிறேன். இதை மற்றவர்களுக்குக் கொடுங்கள், ஆனால் உள்ளபடி கொடுங்கள். பாவம், அவள் பயந்துவிட்டாள் என்று என்னை மெழுகவேண்டாம். மாஸ்ரரை மட்டும் பேயாக்கவேண்டாம். கடைசியில் மாதா எல்லாவற்றையும் சேர்த்துவைத்தாள் என்று ஒரு முடிவு ஒட்டவேண்டாம், சின்னவள் திரும்பி வரவில்லை. உங்களில் யாராவது இப்போதும் கடுதாசியில் ஒற்றைப் பிள்ளையாக இருந்தால், சகோதரம் ஆஸ்பத்திரிக்குப் போகுமுன் ஒரு வழக்கறிஞரிடம் போங்கள்.

வேறு எதை மறந்தாலும் இந்த ஒன்றை ஒரு சொல்லும் மாற்றாமல் சொல்லுங்கள்: அன்று காலை என் வீட்டில் பெரியவர்கள் நாலு பேர் நின்றோம். உண்மை சொன்னது எட்டு வயதுப் பிள்ளை.